எருமையின் பிடியைக் குறைத்த அப்டேட்

வில்லியனூரில் ஒரு செல்போன் ரிப்பேர் கடைக்குப் பின்னால் எங்களுக்கு ஒரு அறை இருந்தது. ஒரு டிவி, ஒரு கேம் பெட்டி. ஞாயிறு பூசை முடிந்ததும் அங்கே கூடிச் சண்டை கேம் ஆடுவோம். ஜெயித்தவன் உட்கார்ந்தே இருப்பான். தோற்றவன் எழுந்து வரிசையில் கடைசிக்குப் போக வேண்டும்.

அதிகம் உட்கார்ந்திருந்தவர் திருபுவனையில் கம்பெனி வேலைக்குப் போகும் ஒரு அண்ணன். மிஷினில் அடிபட்டதிலிருந்து அவருக்கு வலது கையில் இரண்டு விரல்கள் மடங்காது. பொத்தான்களை மாற்றி மாற்றி வேகமாக அமுக்க முடியாததால், குண்டான மல்யுத்தக்காரன் ஒருவனை மட்டுமே எடுப்பார். அவனுக்கு எருமை என்று பேர் வைத்திருந்தோம். எதிராளி கிட்டே வரும்வரை பொறுத்திருந்து, ஒரே பொத்தானில் பிடித்துத் தூக்கி அடிப்பார்.

அப்டேட் வந்தால் என்னென்ன மாறியது என்று இங்கிலீஷில் நீளமாகப் போட்டிருப்பார்கள். எங்கள் வூட்டில் முதலில் படித்தவன் நான். இங்கேயும் படித்துச் சொல்வது என் வேலையானது. ஒரு ஞாயிறு எருமையின் பேர் வந்தது. பிடி எட்டும் தூரம் குறைந்தது, தாமதமாக விழும் என்று வாசித்தேன்.

"எருமைக்குக் கால ஒடச்சிட்டானுங்கபா" என்று ஒருவன் சிரித்தான். அண்ணன் சிரிக்கவில்லை.

பெட்டிக்கு நெட் கொடுக்காமல் பழையதையே ஆடலாம் என்று முடிவு செய்தோம். அவருக்காகத்தான். ஆனால் வூட்டில் புதிய ஆட்டம் பழகியவர்களுக்கு இங்கே கை ஒத்துவரவில்லை. ஒவ்வொருவராக வருவது நின்றது. கடைசியில் நானும் அண்ணனும் மட்டும் ஆடிக்கொண்டிருந்தோம்.

"ஆளே இல்லாத எடத்துல ஜெயிச்சி இன்னாடா பண்றது?" என்றவர், என் போனிலிருந்து நெட் வாங்கி அவரே அப்டேட் போட்டார்.

அடுத்த வாரம் எல்லோரும் வந்தார்கள். அண்ணனின் பிடி காற்றைப் பிடித்தது. தோற்று எழுந்தார், திரும்ப வந்தார், திரும்பத் தோற்றார். ஒருவன் மட்டும், விலகிக் குதிக்க நேரமிருந்தும், பேசாமல் நின்று அடி வாங்கினான்.

அண்ணன் கன்ட்ரோலரைக் கீழே வைத்தார். "பாவம் பாக்குறதுன்னா நீ எழுந்து போடா. நான் ஆட வந்தேன்."

அவன் தலை குனிந்தபடி மறுபடி தொடங்கினான். இந்த முறை குதித்தான்.

அதற்குப் பிறகு அப்டேட் எப்போது வந்தாலும் முதலில் எருமையின் பேரைத்தான் தேடுகிறேன். இதுவரை இல்லை. "ஒண்ணும் மாறலண்ணா" என்பேன். "செரி" என்று சொல்லிவிட்டு வரிசையில் நிற்கப் போவார்.