பதினொரு வருடம் கடித்துப் பார்க்காத கிழங்கு

சுல்பிகாவுக்கு ஒரு பழக்கம். பரிசோதனைப் பாடம் முடிந்து பிள்ளைகள் போனதும் அவள் உடனே பாத்திரம் கழுவ மாட்டாள். ஒவ்வொரு சோதனைக் குழாயாக எடுத்து யன்னல் வெளிச்சத்தில் பிடித்து, ‘இது ஏன் இந்த நிறமானது?’ என்று கொஞ்சம் யோசித்துவிட்டுத்தான் தண்ணீர்க் குழாயைத் திறப்பாள். சாய்ந்தமருதில் ஒரு பெண்கள் பாடசாலையில் இருபத்திரண்டு வருடமாக ஆய்வுகூட உதவியாளர் வேலை. டீச்சர்மார் மாறிக்கொண்டே இருப்பார்கள். எந்தப் போத்தல் எந்தத் தட்டில், எந்த அமிலத்தை மூக்குக்குக் கிட்டக் கொண்டு போகக்கூடாது என்பதெல்லாம் சுல்பிகாவுக்குத்தான் தெரியும்.

சாதாரண தரப் பரீட்சையில் விஞ்ஞானத்துக்கு அதிதிறமைச் சித்தி எடுத்தவள். மேலே படிக்க ஆசை இருந்தது, கல்யாணம் முந்திக்கொண்டது. அதைச் சொல்லி அவள் பெருமூச்சு விட்டு யாரும் பார்த்ததில்லை. வகுப்பு நடக்கும்போது கதவோரம் வாங்கில் உட்கார்ந்து கேட்டுக்கேட்டே பத்தாம் வகுப்புப் பாடத்தை இருபத்திரண்டு தரம் படித்தாயிற்று என்று சிரிப்பாள்.

அவளுடைய கணவர் அபூசாலி, மகள் றிப்னாவுக்கு மூன்று வயதாக இருக்கும்போது கட்டாருக்குப் போனவர். அங்கே கோழிப் பொரியல் விற்கும் பெரிய கடையொன்றில் உருளைக்கிழங்குப் பிரைஸ் பொரிக்கும் வேலை. பதினொரு வருடம் ஒரே வேலை. இரண்டு வருடத்துக்கொரு தரம் விடுமுறையில் வந்து போனார். வீடியோவில் கதைக்கும்போது கம்பிக் கூடையை எண்ணெயிலிருந்து தூக்கிக் குலுக்கிக் காட்டுவார். பொன்னிறக் குச்சிகள் கலகலவென்று விழும். ஊரில் அபூசாலிகள் நாலைந்து பேர் இருந்ததால் இவருக்கு ‘பிரைஸ் அபூசாலி’ என்று பெயர் நிலைத்துவிட்டது. போன வருடம் ஒப்பந்தம் முடிந்து வந்து சேர்ந்தவர், இப்போது தம்பியின் ஹாட்வெயார் கடையில் நிற்கிறார்.

வந்த நாள் தொட்டு றிப்னா கேட்டுக்கொண்டேயிருந்தாள். “வாப்பா, எப்ப பிரைஸ் செஞ்சு தாறீங்க?”

ஒரு வெள்ளிக்கிழமை ஜும்மாவுக்குப் பிறகு அதற்கு நேரம் வந்தது. அபூசாலி தன் தங்கை றம்ஸியாவையும் அவள் புருஷன் நஜீமையும் பிள்ளைகளோடு வரச் சொன்னார். சுல்பிகாவைக் குசினிப் பக்கம் வரவே விடவில்லை. “இண்டைக்கு நீங்க இருங்க. இது என்ட வேல” என்றார். கிழங்கைச் சீவி, விரல் அளவுக்கு வெட்டி, பெரிய தாச்சியில் எண்ணெய் கொதிக்கவிட்டு அள்ளிப் போட்டார்.

எண்ணெய் பொங்கி அடுப்பில் வழிந்தது. கிழங்குகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகின. வெளியே கறுத்தது, எடுத்து ஆற வைத்தால் துவண்டு விழுந்தது. அவர் இன்னொரு தரம் போட்டார், பிறகு இன்னொரு தரம். மூன்று தரமும் அப்படியேதான். பீங்கானில் கொண்டுவந்து வைத்தபோது எல்லோரும் மரியாதைக்கு ஒவ்வொன்று எடுத்தார்கள். நஜீம் நல்ல மனிதர், குத்திக் கதைக்கத் தெரியாதவர். ஒன்றை வாயில் போட்டு மென்றுவிட்டு உண்மையாகவே கேட்டார்.

“மச்சான், கட்டார்லயும் இது இப்பிடித்தான் இரிக்குமா?”

அபூசாலி முதலில் தாச்சி சரியில்லை என்றார். பிறகு எண்ணெய், பிறகு கிழங்கு. விருந்தாளிகள் போன பின்பு அதைப் பற்றிக் கதைக்கவே விரும்பவில்லை.

இன்னொரு பெண்ணென்றால் மனுஷனுக்கு வந்த வெட்கத்தை நினைத்து வருந்தியிருப்பாள். சுல்பிகாவுக்கும் வருத்தம் இல்லாமலில்லை. ஆனால் அதைவிடப் பெரிதாக ஒரு கேள்வி அவளைக் குடைந்தது. அதே மனுஷன், அதே கை. அங்கே மொறுமொறுவென்று வந்தது இங்கே ஏன் துவளுகிறது?

அடுத்த செவ்வாய்க்கிழமை பாடசாலையில் நஸ்லியா டீச்சர் மாப்பொருள் பரிசோதனை நடத்தினார். வெள்ளை ஓட்டில் ஒரு துண்டு உருளைக்கிழங்கு, அதன்மேல் ஒரு துளி அயடின். மண்ணிறத் துளி கண்முன்னே கருநீலமாகும். பிள்ளைகள் வருடாவருடம் “ஹா” என்பார்கள். பாடம் முடிந்து ஓடுகளைக் கழுவ எடுத்த சுல்பிகா, கிழங்கு வெட்டிய பலகையைப் பார்த்தாள். கத்தி பட்ட இடமெல்லாம் வெள்ளையாக ஏதோ காய்ந்து கிடந்தது. விரலால் தொட்டாள். பிசுபிசுத்தது. அதன்மேலும் ஒரு துளி விட்டாள். கருநீலம்.

வெள்ளிக்கிழமை ஒட்டிக்கொண்டது இதுதானா?

பாடசாலை அயடினில் ஒரு துளியைக்கூட வீட்டுக்குக் கொண்டு போக அவளுக்கு மனம் வராது, அது ஹறாம். வரும் வழியில் பாமசியில் இறங்கி, காயத்துக்குப் பூசும் அயடின் ஒரு சின்னப் போத்தல் கேட்டாள்.

“ஆருக்கு ராத்தா காயம்?” என்றான் பாமசிப் பொடியன்.

“கிழங்குக்கு” என்றாள். அவன் சிரித்தான். அவள் சிரிக்கவில்லை.

வீட்டில் கிழங்கை வெட்டித் தண்ணீரில் போட்டு அலசினாள். அந்தத் தண்ணீரில் ஒரு கரண்டி எடுத்துத் தேநீர்க் கோப்பைத் தட்டில் ஊற்றி அயடின் விட்டாள். பேனை மை கொட்டியதுபோல் ஆனது. இரண்டாம் தண்ணீரும் அப்படியே. நாலாம் தண்ணீரில் நிறம் வெளிறியது. ஆறாம் தண்ணீரில் துளி விழுந்த நிறத்திலேயே நின்றது. றிப்னா புத்தகத்தை மூடிவிட்டு வந்து பக்கத்தில் குந்தினாள்.

“உம்மா, இது எங்கட பாடத்தில வாறதுதானே?”

“ஓம். ஆனா உங்கட புத்தகத்தில இத மறுகா பொரிக்கச் சொல்லல்ல.”

சீலையில் ஒற்றித் துடைத்துப் பொரித்தாள். ஒட்டவில்லை. நிறமும் அழகாக வந்தது. கடித்தபோது மொறு என்றது. இருவரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். ஒரு நிமிடம் போகவில்லை. பீங்கானில் கிடந்தவை ஒவ்வொன்றாகத் தளர்ந்து வளைந்தன.

பாதி விடைதான் கிடைத்தது. மீதி எங்கே இருக்கிறது என்று அவளுக்கு ஒரு ஊகம் இருந்தது.

அன்று பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு வந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்த அபூசாலியின் பக்கத்தில் போய் இருந்தாள்.

“மச்சான், கட்டார்ல கிழங்கு எப்பிடி வரும்?”

“பெட்டியில வரும்.”

“வெட்டியா?”

“வெட்டித்தான். விறைச்சு, கல்லு மாதிரி இரிக்கும். மேல வெள்ளையாப் பனி பிடிச்சிருக்கும்.”

“பச்சையா, வெந்ததா?”

அபூசாலி தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தார்.

“தெரியா” என்றார்.

“ஒண்டையாவது கடிச்சுப் பாத்ததில்லையா?”

“பொரிச்சதத் திண்டிரிக்கன். பெட்டியில இருந்தத ஏன் கடிக்க?” பிறகு குரலைத் தாழ்த்திச் சொன்னார். “சுல்பி, நீங்களெல்லாம் நினைக்கிற மாதிரி நான் அங்க சமைக்கல்ல. பெட்டிய உடைச்சுக் கூடையில கொட்டுவன், கூடைய இறக்குவன், மெசின் கீகீ எண்டு கத்தினா தூக்குவன். அவ்வளவுதான் வேல. அத ஊருக்கு எப்பிடிச் சொல்ற? பேரும் வெச்சிட்டாங்க.”

பதினொரு வருடத்தில் இதை அவர் சொன்னது முதல் தரம். எண்ணெய்ப் புகைக்குள் நாளுக்குப் பத்து மணித்தியாலம் நின்று அவர் செய்த வேலை என்னவென்று தானும் ஒருநாளும் சரியாகக் கேட்டதில்லை என்பது சுல்பிகாவுக்கு அப்போதுதான் உறைத்தது. வீடியோவில் சுகம் கேட்டார்கள், பிள்ளையைக் காட்டினார்கள், கூடையைப் பார்த்துச் சிரித்தார்கள்.

ஆறுதல் சொன்னால் அவர் எழுந்து போய்விடுவார் என்று அவளுக்குத் தெரியும். ஆகவே அடுத்த கேள்வியைக் கேட்டாள்.

“மெசின் பழுதாப் போனா என்ன செய்வீங்க?”

அவர் நிமிர்ந்தார். “ஒருக்கா போனதுதான். ஒரு மாதம் கத்தவே இல்ல. நான் எண்ணெய்ர சத்தத்த வெச்சுத்தான் தூக்கினன். ஒரு கூடை பிசகல்ல.”

“சத்தம் மாறுமா?”

“மாறாமலா? போட்ட உடன தடிப்பாக் கிடக்கும், தகரத்தில மழ கொட்டின மாதிரி. தண்ணி போகப் போக மெலிஞ்சு வரும். மறுகா சரசரண்டு காஞ்ச ஓலை மாதிரி. அப்ப தூக்கணும்.”

சுல்பிகா அதைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். ஆய்வுகூட வெப்பமானிகள் நூற்றுப்பத்துப் பாகைக்கு மேல் போகாதவை, எண்ணெய்க்குள் வைத்தால் வெடித்துவிடும். எண்ணெயின் சூடு அறிய என்ன வழி என்று வெள்ளிக்கிழமை தொட்டு யோசித்துக்கொண்டிருந்தாள். வழி முன்னால் இருந்து தேநீர் குடித்துக்கொண்டிருந்தது.

“அங்க இப்ப ஆர் நிக்கிற?”

“கிசோக் நிக்கிறான். பாண்டிருப்புப் பொடியன். என்ட இடத்தில அவன்தான்.”

“அவனக் கடிச்சுப் பாக்கச் சொல்லுங்க.”

அபூசாலி தயங்கித் தயங்கிக் குரல் செய்தி அனுப்பினார். கால் மணித்தியாலத்தில் பதில் வந்தது. பின்னால் கூடைகள் தட்டுப்படும் சத்தம்.

“நானா, சுகமா இரிக்கீங்களா? விறைச்ச கிழங்கக் கடிக்கச் சொல்றீங்க. மனேஜர் கண்டா எனக்கு விசர் எண்டு நினைக்கப் போறார். சரி, பொறுங்க.”

அடுத்த செய்தியில் முதலில் ஒரு கடக் சத்தம். பிறகு மெல்லும் சத்தம்.

“ஆ, பல்லு கூசுது நானா! வெளிய எண்ணெய்ச் சுவை இரிக்கி. உள்ள வெந்த கிழங்குதான், மாப்போல உதிருது. பச்சை வாசமே இல்ல. இன்னொண்டு நானா, பெட்டியிலயும் எழுதித்தான் கிடக்கு. முன்னமே ஒருக்கா பொரிச்சதாம். கீழ சின்ன எழுத்தில. இவ்வளவு நாளும் நாங்க ஒருத்தரும் வாசிக்கல்லயே!”

அபூசாலி அந்தச் செய்தியை இரண்டாம் தரம் போட்டுக் கேட்டார். மூன்றாம் தரம் கேட்கும்போது சிரித்துவிட்டார். ஊருக்கு வந்த பிறகு அவர் அப்படிச் சிரித்து றிப்னா கண்டதில்லை. “யா அல்லா, எத்தின ஆயிரம் பெட்டி உடைச்சிரிப்பன்” என்று தலையில் கையை வைத்தார்.

சனிக்கிழமை பின்னேரம் இருவரும் சேர்ந்து குசினிக்குள் போனார்கள். கழுவுவது சுல்பிகா, ஆறாம் தண்ணீர் வரைக்கும். கொதிக்கும் தண்ணீரில் ஒரு கரண்டி வினாகிரி விட்டு, கிழங்கை மெல்ல அவித்தாள். புளிப்பு சேர்ந்தால் கிழங்கு கரையாமல் நிற்கும் என்பது மீன்கறியில் கொறுக்காப்புளியோடு கிழங்கு போட்ட அனுபவத்தில் அவள் கண்டிருந்தது. வடித்துச் சீலையில் பரப்பி, மின்விசிறியின் கீழ் ஈரம் போகக் காயவிட்டாள். பிறகு மெல்லிய சூட்டில் முதல் பொரிப்பு. நிறம் மாறுவதற்கு முன்பே எடுத்து ஆறவைத்தார்கள்.

இரண்டாம் பொரிப்புக்கு அடுப்பைக் கூட்டிவிட்டு அபூசாலி கண்ணை மூடிக்கொண்டார். கையில் அரிகரண்டி. றிப்னா ஏதோ கேட்க வாயெடுக்க, சுல்பிகா அவள் கையைப் பிடித்து நிறுத்தினாள். தாச்சி இரைந்தது. இரைச்சல் மெலிந்தது. சுல்பிகாவும் காது கொடுத்தாள். அவளுக்கு ஒன்றும் பிடிபடவில்லை, பார்த்தால் இன்னும் வெளிறியே கிடந்தது. சட்டென்று அந்தச் சத்தம் அவளுக்கும் கேட்டது. காய்ந்த ஓலை.

“இப்ப” என்றார் அபூசாலி.

கொட்டியபோது பீங்கான் கலகலத்தது. றிப்னா பாய்ந்து எடுத்தாள். கடித்த சத்தம் கூடத்துக்குக் கேட்டிருக்கும். சுல்பிகா மட்டும் ஆறு குச்சிகளை வேறு தட்டில் பொறுக்கி வைத்தாள்.

“அந்த ஆறையும் ஒருத்தரும் தொடாதீங்க. பத்து நிமிஷம் போகட்டும்.”

மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டே நின்றாள். பத்து நிமிடம் கழித்து ஒன்றை எடுத்து இரண்டாக ஒடித்தாள். டக் என்று ஒடிந்தது. அதன் பிறகுதான் வாயில் போட்டாள்.

மறு வெள்ளி நஜீம் குடும்பம் திரும்பவும் வந்தது. இந்தத் தரம் நஜீம் கட்டாரைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. பீங்கான் காலியான பிறகுதான் தலையை நிமிர்த்தினார்.

“மச்சான், இத எப்பிடிச் செஞ்ச?”

“என்னைக் கேக்காதீங்க, சுல்பிகாவக் கேளுங்க” என்றார் அபூசாலி. “நான் அங்கயும் சமைக்கல்ல மச்சான், பெட்டிதான் உடைச்சன். இஞ்ச சத்தம் கேக்கிற வேல.” அதைச் சொல்ல அவருக்கு நாக்குக் கூசவில்லை.

கதை அதோடு முடிந்திருக்கும். ஆனால் அதற்கடுத்த கிழமை கல்முனைச் சந்தையில் வாங்கிய கிழங்கு, ஆறு தண்ணீர் கழுவி, அவித்து, காயவைத்து, ஓலைச் சத்தம் வருவதற்கு முன்பே கறுத்துப்போனது. அபூசாலி அடுப்பைக் குற்றம் சொன்னார். சுல்பிகா கறுத்ததில் ஒன்றைக் கடித்து மென்று பார்த்தாள். இனித்தது. கிழங்கு ஏன் இனிக்க வேண்டும்?

மறுநாளே சந்தைக்குப் போய்க் கிழங்கு வியாபாரியைப் பிடித்தாள். அவர் யோசித்துவிட்டு, “இது கப்பல் கிழங்கு புள்ள. கன நாள் குளிர் அறையில கிடந்து வாற. போன முறை உங்களுக்குத் தந்தது எங்கட மலைநாட்டு வெலிமடைக் கிழங்கு, கிண்டி ஒரு கிழமையும் இல்ல” என்றார்.

“குளிரில கிடந்தா இனிக்குமா?”

“அது எனக்கென்னண்டு தெரியும்? நான் விக்கிற, திங்கிறல்ல.”

நஸ்லியா டீச்சரிடம் கேட்டாள். “மாப்பொருள் சீனியா மாறலாம் ராத்தா. ஆனா குளிரில ஏன் எண்டு பாத்துத்தான் சொல்லணும்” என்றார். சுல்பிகாவுக்கு அந்தப் பதில் பிடித்திருந்தது. ஆனால் டீச்சர் பார்த்துச் சொல்லும்வரை காத்திருக்க முடியவில்லை.

இப்போது அவளுடைய பிரிட்ஜின் கீழ்த்தட்டில் நாலு வெலிமடைக் கிழங்குகள் இருக்கின்றன. அவற்றின் சோடி நாலு, குசினி மூலையில் சாக்கின் மேல். ஒவ்வொன்றிலும் திகதி எழுதிய சின்னக் கடதாசி ஒட்டியிருக்கிறது. இரண்டு கிழமை கழித்து இரண்டையும் ஒரே எண்ணெயில் பொரித்துப் பார்ப்பதாக ஏற்பாடு.

நேற்று அபூசாலி சொதிக்குக் கிழங்கு எடுக்கப் பிரிட்ஜைத் திறந்தவர், கையை உள்ளே விட்டபடியே நின்று கூப்பிட்டார்.

“சுல்பி, இதில எது எங்களுக்கு, எது உங்களுக்கு?”