குடல்வால் தழும்பு என்று சொன்னேன்

என் தம்பி பெண்டாட்டியை ஊர் மலடி என்கிறது. அவளிடம் குறையில்லை, குறை எங்கே இருக்கிறது, எப்படி வந்தது என்பது எனக்குத் தெரியும். அந்தப் பெயரை அவளுக்கு வாங்கிக் கொடுத்தவளே நான்தான்!

முகத்தைச் சுளிக்கிறீர்களா? முழுவதையும் கேட்டுவிட்டுச் சுளியுங்கள். அப்போது இன்னும் நன்றாகச் சுளிக்க வரும்.

நான் ராஜபாளையத்தில் ஒரு நூல் மில்லில் கோனில் நூல் சுற்றுகிறவள். அம்மா போனபோது என் தம்பி சுந்தரத்துக்கு ஏழு வயது. என் மகளுக்கு முன்பே நான் வளர்த்த பிள்ளை அவன். வளர்ந்து அதே மில்லில் பஞ்சுப் பொதி தூக்கினான். இருபத்தைந்து வயதில், எண்பத்தேழாம் வருடம், பொதியைத் தூக்கக் குனிந்தவன் நிமிரவில்லை. இரண்டு காலும் மரத்துப் போய்விட்டன.

மதுரையில் ஒரு பெரிய டாக்டரிடம் கொண்டு போனோம். அவர் எக்ஸ்ரே படத்தை வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். கீழ்முதுகில் ஒரு எலும்பு, அடியில் இருக்கும் எலும்பின் மேலிருந்து முன்பக்கமாக நழுவியிருந்தது. இடுப்பெலும்பிலிருந்து ஒரு துண்டு வெட்டி எடுத்து நடுவில் வைத்து, இரண்டையும் ஒரே எலும்பாக ஒட்டவைக்க வேண்டுமாம்.

"அதுக்கு ரெண்டு வழி இருக்கும்மா," என்றார். "முதுகுப் பக்கமாப் போனா சதையை அறுத்து விலக்கணும். தழும்பு நீளமா இருக்கும், ஆற நாளாகும். வயித்துப் பக்கமாப் போனா முதுகுச் சதைக்குச் சேதமில்லை. குடலை ஒதுக்கிட்டு நேரா எலும்புக்கே போயிரலாம். ஆனா அதுல ஒரு சங்கடம் இருக்கு."

அந்தச் சங்கடத்தை அவர் தயங்கித் தயங்கித்தான் சொன்னார். எலும்புக்கு முன்னால் மெல்லிய நரம்புகள் ஓடுகின்றனவாம். அவற்றுக்குச் சேதம் வந்தால் ஆண்மை கெடாது. ஆனால் விந்து வெளியே வராமல் மூத்திரப்பைக்குள் திரும்பிவிடும். பிள்ளை உண்டாகாது. எல்லோருக்கும் வராது, சிலருக்கு வரும்.

"தம்பிக்கு இன்னும் கல்யாணம் ஆகலை. பின்பக்கமாவே பண்ணலாம்னு எனக்குத் தோணுது. எதுக்கும் அவர்கிட்ட கலந்துக்கிட்டு வாங்க. அப்படியே வந்தாலும் அதுக்கு வைத்தியம் இருக்கு. மறைக்காம எங்கிட்ட வந்து சொல்லணும், அம்புட்டுதான்."

என்ன நல்ல மனிதர்! வழியையும் சொன்னார், வழி தவறினால் திரும்பி வரும் பாதையையும் சொன்னார்.

நான் எதை யோசித்தேன் தெரியுமா? தழும்பை!

எங்கள் பக்கம் சம்பந்தம் பேசும்போது மாப்பிள்ளையைத் தோட்டத்துக்கு அழைத்துப்போய்ப் பம்புசெட்டில் குளிக்க வைப்பார்கள். பார்க்க விருந்து உபசாரம் போலத்தான் இருக்கும். பெண்ணின் மாமன்மார் சுற்றி நின்று, ஆளுக்கு ஊனம் உண்டா, சொறி படை உண்டா என்று பார்த்துக்கொள்வார்கள். முதுகில் ஒரு சாண் தழும்பு கிடந்தால் போச்சு... முதுகொடிந்தவன் என்று முத்திரை குத்திவிடுவார்கள். எவன் பெண் கொடுப்பான்? வயிற்றில் கிடந்தால் குடல்வால் ஆபரேஷன் என்று சொல்லிவிடலாம். குடல்வால் எடுக்காத வீடு எது?

வார்டுக்குப் போனேன். தம்பி ஊசி மயக்கத்தில் கிடந்தான்.

"ஏலே, வயித்துப் பக்கமாவே பண்ணச் சொல்லுதேன். சரியாலே?"

"நீ சொன்னாச் சரிதான்க்கா."

அவ்வளவுதான் நாங்கள் கலந்துகொண்டது. நரம்பைப் பற்றி ஒரு சொல் நான் சொல்லவில்லை. டாக்டரிடம் திரும்பி வந்து, "எல்லாம் சொல்லிட்டேன் டாக்டர், அவனும் முன்பக்கமே போதும்னுட்டான்" என்றேன். கையெழுத்தும் போட்டேன். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணலாம் என்பார்கள். எனக்கு அந்த ஒரு பொய்யே போதுமானதாக இருந்தது!

எலும்பு ஒட்டியது. ஆறு மாதம் பெல்ட் கட்டியிருந்தவன் பிறகு நிமிர்ந்து நடந்தான். மில்லிலும் பொதி தூக்காத வேலையாகப் பார்த்துக் கொடுத்தார்கள். அக்காதான் என்னை எழுந்து நடக்க வைத்தாள் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொன்னான்.

எண்பத்தொன்பதில் வத்திராயிருப்பில் பெண் பார்த்தோம். பெயர் புஷ்பம். நான் நினைத்தபடியே பம்புசெட்டுக் குளியலும் நடந்தது. சாப்பாட்டு இலையில் உட்கார்ந்தபோது அவளுடைய தாய்மாமன் கேட்டார்: "குடல்வாலுக்கு நடுவயித்துலயா கத்தி வைப்பாக?"

"அது உள்ளேயே வெடிச்சுப் போச்சுண்ணே. உசிரு தப்புனதே பெரும்பாடு," என்றேன். இலையில் எனக்கு இன்னொரு கரண்டி பாயசம் விழுந்தது. குடித்தேன்.

ஒரு வருடம் போயிற்று. இரண்டு, மூன்று... சிலருக்குத்தானே வரும் என்றாரே, இவனுக்கு வந்திருக்காது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். நான்காவது வருடம் அந்தப் பேச்சு என்னிடமே எடுபடவில்லை. அப்போதாவது மதுரைக்குப் பஸ் ஏறியிருக்கலாமே! ஏன் ஏறவில்லை? "இது உனக்கு எப்போக்கா தெரியும்?" என்று தம்பி கேட்பான். அந்த ஒரு கேள்விக்குப் பயந்தேன்.

அவனுக்குத் தன் உடம்பு தெரிந்திருக்காதா என்கிறீர்களா? ஏதோ மாற்றம் தெரிந்திருக்கும். ஆண்பிள்ளை, அதை அக்காளிடமா வந்து கேட்பான்?

புஷ்பம் திங்கட்கிழமைதோறும் பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பஸ் ஏறுவாள். மடவார் வளாகத்து வைத்தியநாதரைப் பிள்ளை வரம் கேட்டுச் சுற்றுவாள். துணைக்கு நானும் போனேன். அவள் கண்ணை மூடி அழுதுகொண்டு நிற்பாள். பக்கத்தில் நான் கை கூப்பி நிற்பேன். நான் என்ன வேண்டியிருப்பேன், சொல்லுங்கள் பார்ப்போம்! எனக்கே தெரியவில்லை.

இனிச் சொல்லப் போவதுதான் எல்லாவற்றிலும் மோசம்.

என் மகளுக்கு வளைகாப்பு நடந்தது. முந்தின நாள் முழுக்கப் புஷ்பம்தான் ஐந்து வகைச் சோறும் கிளறினாள். மகளுக்கென்று பச்சையும் சிவப்புமாக வளையல் வாங்கி வந்திருந்தாள். வரிசையில் அவள் முறை வந்தபோது பின்னாலிருந்த பெண்கள் முணுமுணுத்தார்கள். என் மகள் முகத்தைப் பார்த்தேன். சம்பந்தி முகத்தைப் பார்த்தேன். பிறகு நானே எழுந்து போய், "தாயி, நீ செத்த நேரம் அடுப்படியப் பாரேன்" என்றேன்.

எல்லாம் தெரிந்த நான் சொன்னேன்! ஊர்க்காரிகளாவது தெரியாமல் பேசினார்கள்.

அவள் வளையலைத் தட்டிலேயே வைத்துவிட்டு உள்ளே போனாள். பாத்திரம் கழுவுகிற சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

நான்கு நாள் கழித்து, வீட்டில் யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து வந்தாள். கோபப்பட வந்திருக்கிறாள் என்றுதான் நினைத்தேன். கோபப்பட்டிருந்தால் பிழைத்திருப்பேன்.

"மதினி, ஒரு விசயம் சொல்லுதேன், மனசோட வச்சுக்கிடணும். போன மாசம் அம்மாவோட மதுரைக்குப் போய் டாக்டரம்மாட்ட காட்டுனேன். எனக்கு ஒரு கொறையும் இல்லையாம்."

நான் எழுந்து போய் வாசல் கதவைச் சாத்திவிட்டு வந்தேன்.

"அவியளை ஒருக்காக் கூட்டிட்டு வரச் சொன்னாக. நான் மாட்டேன்னுட்டேன். கொறை அவியகிட்டன்னு ஆயிருச்சுன்னா மில்லுல நாலு பேரு முன்னால எப்படி நடமாடுவாக? ஏற்கெனவே வயித்தைக் கிழிச்சு உசிரு பொழச்ச மனுசன். மலடிங்கிற பேரு எனக்குப் பழகிப்போச்சு மதினி. அது எங்கிட்டயே இருக்கட்டும்."

அப்போது சொல்லியிருக்க வேண்டாமா? வைத்தியம் இருக்கிறதடி, அந்த டாக்டரே சொன்னாரடி என்று கதறியிருக்க வேண்டாமா? வாய் திறந்தேன்...

"அவியகிட்டச் சொல்ல மாட்டேன்னு சத்தியம் பண்ணுங்க. உங்க ஒருத்தியத்தான் நம்பிச் சொல்லியிருக்கேன்," என்று கையை நீட்டினாள்.

அவள் கையில் அடித்துச் சத்தியம் செய்தேன். பாவி, எனக்கு எவ்வளவு வசதியான சத்தியம் அது! அவள் என் தோளில் சாய்ந்து அழுதாள். நான் முதுகைத் தடவிக் கொடுத்தேன்.

மூன்று வருடம் ஆகிறது. அவளுக்கு இப்போது முப்பது வயது. காலம் இன்னும் கடந்துவிடவில்லை. அந்த டாக்டர் இன்றைக்கும் மதுரையில்தான் இருக்கிறார், விசாரித்து வைத்திருக்கிறேன். ராஜபாளையத்திலிருந்து இரண்டரை மணி நேரப் பஸ்.

யாரென்றே தெரியாத உங்களிடம் ஒன்று விடாமல் சொல்லிவிட்டேன். புஷ்பம் இரண்டு வீடு தள்ளித்தான் இருக்கிறாள். இன்னும் அவளிடம் சொல்லவில்லை.