எதிர்மேடையில் நின்ற தம்பி எழுதுவது

எங்கள் அண்ணன் குற்றாலத்தில், சாரல் விழும் ஆடி மாதத்தில் பிறந்தவர். அப்பா அருவிக்கரையில் வருவோர் போவோருக்கு எண்ணெய் தேய்த்துவிட்டுத்தான் எங்கள் இருவரையும் வளர்த்தார். சீசன் முடிந்தால் அடுப்பு ஒரு வேளைதான் எரியும். அந்த வீட்டிலிருந்து மருத்துவம் படிக்கப் போன அண்ணன், வெளிநாட்டில் கூப்பிட்டும் போகாமல் குத்துக்கல்வலசையில் சின்னதாக ஓர் ஆஸ்பத்திரி வைத்தார்.

அங்கே டோக்கன் உண்டு. ஆனாலும் அண்ணன் அடிக்கடி வெளியே வந்து வரிசையைப் பார்ப்பார். மூச்சு வாங்குகிறவர் கடைசியில் இருந்தாலும் முதலில் உள்ளே போவார். சட்டமன்ற உறுப்பினரான பிறகு மனுக்களையும் அப்படித்தான் பார்த்தார். கட்சிக்காரர்கள் தலையில் அடித்துக்கொண்டார்கள்.

நானும்தான். ஆலங்குளத்தில் ஆசிரியையாக இருக்கும் என் மகளுக்குத் தென்காசிக்கு மாற்றல் கேட்டுப் போனேன். இருந்ததோ ஓர் இடம். படுத்த படுக்கையாகப் பிள்ளையை வைத்திருந்த வேறோர் ஆசிரியைக்கு அதைப் பரிந்துரைத்துவிட்டார்.

"அவளுக்குத்தாம்லே அவசரம். ஒன் மவ பஸ்ல உக்காந்துதான வாரா, வரட்டும்" என்றார்.

"அப்போ கூடப்பொறந்தவன் எதுக்கு?" என்று கத்திவிட்டு வந்தேன். கோபம் கண்ணை மறைத்தது. அடுத்த தேர்தலில் எதிர்க்கட்சி மேடையில் ஏறி, "சொந்தத் தம்பிக்கே உதவாதவர் ஊருக்கு என்ன செய்வார்?" என்று கேட்டேன். கைதட்டல் பலமாக இருந்தது. அண்ணன் தோற்றார்.

வாக்கு எண்ணிக்கை முடிந்து வெளியே வந்தவர், வெடிச்சத்தத்துக்கு நடுவே நேராக என்னிடம் வந்து கையைப் பிடித்தார். பெருந்தன்மையாக வாழ்த்துகிறார் என்று சுற்றி நின்றவர்கள் நினைத்தார்கள். அவர் விரலோ என் நாடியில் இருந்தது.

"தூங்கலியாலே? பிரஷர் மாத்திரைய விட்டுட்ட போல. காலைல வெறும் வயித்துல வா, ரத்தம் பாக்கணும்."

மறுநாள் போனேன். பழைய நாற்காலியில் உட்கார்ந்து நோயாளிகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். மேடைப் பேச்சைப் பற்றி அன்றும் கேட்கவில்லை, பிறகும் கேட்கவில்லை. நானாகப் பேச வாயைத் திறந்தால் தெர்மாமீட்டரை வைத்துவிடுவார். பொல்லாத மனிதர்!

ஈரல் நோய் முற்றிப் படுத்திருந்தபோது, இனி விட்டால் முடியாது என்று, "அண்ணே, அன்னைக்கு மேடையில..." என்று ஆரம்பித்தேன்.

"அத விடுலே. எனக்குப் பொறவு ஒன் பிரஷர யாரு பாப்பா? அதச் சொல்லு மொதல்ல" என்றார்.

அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். நான்காம் நாள் அண்ணன் போய்விட்டார்.

இரவு பகல் பாராமல் கவனித்த மதினிக்கும், செவிலியர்களுக்கும், கொடி பாராமல் தோள் கொடுத்த இரு கட்சியினருக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது.

அன்று ஊர் கேட்கப் பேசினேன். அதனால் இன்று ஊர் படிக்க எழுதுகிறேன்: அந்த மாற்றலில் என் அண்ணன் செய்ததுதான் சரி. என்னை மன்னித்துவிடுங்கள், அண்ணே.