பெயர் போட்ட படம்

ரெஜிலா எடுத்த முதல் ஆவணப்படம் முந்திரி ஆலைப் பெண்களைப் பற்றியது. கொட்டைத் தோட்டின் எண்ணெய் பட்டு விரல் வெந்துபோன பெண்கள். சென்னையில் இருந்த தொலைக்காட்சி வேலையை உதறிவிட்டு, நெய்யூரில் அப்பாவிடம் வாங்கிக் கட்டிக்கொண்டு எடுத்த படம். புதுக்கடைப் பக்கம் ஒரு சர்ச் ஹாலில் அதைத் திரையிட்டபோது, படத்தில் வந்த ஞானபாய் எழுந்து கேட்டாள்.

"முதலாளி வந்தா கீழ பேரு போடுத. நாங்க வந்தா வெறும் தொழிலாளியா? எங்களுக்குப் பேரு வைக்காமலா ஞானஸ்நானம் குடுத்தாவ?"

ஹாலே சிரித்தது. ரெஜிலாவுக்கு முகத்தில் அறைந்த மாதிரி இருந்தது. அதற்குப் பிறகு அவள் படத்தில் முகம் காட்டிய யாரும் பெயரில்லாமல் வந்ததில்லை. பெயர், தகப்பன் பெயர், ஊர். திரைப்பட விழாக்களில் இதைத்தான் முதலில் பாராட்டினார்கள். கேட்டுக் கேட்டு அவளுக்கும் கொஞ்சம் தலைக்கனம் வந்தது. வரட்டுமே, இந்தத் தொழிலில் அவளுக்கு வேறென்ன வந்தது? வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீட்டிலும் சாவு வீட்டிலும் கேமரா தூக்கினாள். அப்பனுடைய அடக்கத்தைத் துபாயில் இருந்தபடி பார்க்கிற மகன்கள் இருக்கும்வரை அவள் பட்டினி கிடக்க வேண்டியதில்லை.

பிறகு கூனிமலை வந்தது. மலையை வெடி வைத்து உடைத்து, இரவும் பகலும் லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அடிவாரத்தில் பேபி என்கிற பெண்ணின் மகன், வெடித்துத் தெறித்த கல் தலையில் பட்டு முற்றத்திலேயே செத்தான். மரத்திலிருந்து விழுந்தான் என்று குவாரிக் கம்பெனி காகிதம் தயார் செய்துவிட்டது. கம்பெனி எழுதினால் அதுதான் சத்தியம், நமக்குத் தெரியாதா? ரெஜிலாவின் கேமராவுக்கு முன்னால் பேபி அந்தக் கல்லை மடியில் வைத்துக்கொண்டு நடந்ததைச் சொன்னாள். பாதியில் பேச முடியாமல் அழுதாள். ரெஜிலா வெட்டாமல் அப்படியே வைத்தாள்.

அடுத்த வாரம் ஊரே திரண்டு லாரிகளை மறித்தது. வெல்டிங் வேலை பார்க்கிற சுபின் முதல் லாரியின் முன்னால் போய் நின்றான். யாரோ கண்ணாடியை உடைத்தார்கள். எல்லாம் படத்தில் இருந்தது. எல்லோருக்கும் கீழே பெயரும் இருந்தது.

அதுவரை லாரியை உடைத்ததற்கான போலீஸ் வழக்கில் 'பெயர் தெரியாத நபர்கள்' என்றுதான் இருந்தது. படம் யூடியூபில் ஏறியதும் அவர்களுக்கு வேலை மிச்சம். சுபினுக்குக் குவைத் விசா வந்திருந்தது. வழக்கு இருக்கிறவனுக்குப் போலீஸ் சான்றிதழ் கிடையாது என்று சொல்லிவிட்டார்கள். அவனைப் போலவே இன்னும் பலர். போதாததற்கு, படம் உண்மை என்று சாட்சி சொல்ல ரெஜிலாவுக்கே சம்மன் வந்தது.

ஊர்க்காரர்களுக்காக வாதாடிய வக்கீல் முத்துநாயகம் சுற்றி வளைக்கவில்லை.

"ஒரே வழிதான் உண்டு பிள்ளே. அது நெசமில்ல, ஆளுவள நடிக்க வச்சு எடுத்ததுன்னு கூண்டில ஏறிச் சொல்லு."

"நடந்ததத்தானே சார் எடுத்தேன்?"

"நடந்ததுனாலதான் அவனுவ மாட்டிக் கிடக்கானுவ."

அவள் பல நாள் சரியாகச் சாப்பிடவில்லை. பிறகு போய்ச் சொன்னாள். லாரி வாடகைக்கு எடுத்தது, வசனம் சொல்லிக்கொடுத்தது, சுபினை நிற்கச் சொன்னது, எல்லாம் தானே என்று. அத்தனை படத்திலும் ஒரு பொய்கூடச் சொல்லாதவள் அன்றைக்கு நிறுத்தாமல் சொன்னாள். அரசு வக்கீலுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது.

"அந்தப் பொம்பள கல்லை வச்சிக்கிட்டு அழுறாங்களே, அதுவும் நடிப்புதானா?"

ரெஜிலா தடுமாறினாள். அது மட்டும் நிஜம் என்றால் மற்றதும் நிஜமாகிவிடும். குற்றவாளிக் கூண்டில் சுபின் தலை குனிந்து நின்றான்.

"ஆமா. அதுவும்தான்."

பிறழ்சாட்சி என்று எழுதினார்கள். வேறு ஆதாரம் இல்லாததால் எல்லோரும் விடுதலையானார்கள். சுபின் குவைத்துக்குப் போனான். அந்தப் படத்துக்கு விருது கொடுத்த விழாக்காரர்கள் விருதைத் திரும்பக் கேட்டு மின்னஞ்சல் அனுப்பினார்கள், அவள் அனுப்பிவிட்டாள். அதெல்லாம் அவள் எதிர்பார்த்ததுதான். எதிர்பாராதது வேறு. குவாரியை மூடச் சொல்லி ஊர்க்காரர்கள் போட்டிருந்த வழக்கில், கம்பெனி வக்கீல் அவள் சாட்சியத்தின் நகலை எடுத்து நீட்டினார். கல் பட்டுப் பையன் செத்தான் என்பதே நாடகம் என்றார். வழக்கு தள்ளுபடியானது. வழக்கு நடந்தபோது நின்றிருந்த வெடிச் சத்தம் மலையில் மறுபடியும் கேட்டது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்த கையோடு பேபி அவள் வீட்டுக்கு வந்தாள். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"சுபின் போனானே, அது நல்ல காரியம். நான் கொற சொல்லல்ல."

"எனக்கு வேற வழி தெரியல்ல அக்கா."

"கம்பெனிக்காரன் மரத்திலேந்து விழுந்தான்னு சொன்னப்போ ஊரில ஒருத்தரும் நம்பல்ல. இப்பம் கேக்காவ. நெசமா எனக்க மோன் எப்பிடிச் செத்தான்னு என்கிட்டயே கேக்காவ, பிள்ளே."

"நான் வாறேன் அக்கா. வீடு வீடா வந்து நானே சொல்லுதேன்."

பேபி வாசல்படியில் இறங்கித் திரும்பினாள். கோபம் கூட இல்லை அந்த முகத்தில்.

"நீ சொன்னா இனி ஆரு நம்புவா?"