சாராயப் போத்திலில் தக்காளி

பாண் சுடும் பேக்கரிப் போறணையை விட்டு நான் நடக்கத் தொடங்கியபோது வெயில் இன்னும் ஏறவில்லை. மாச்சாக்கின் மேல் படுப்பதும், முதுகில் எலி ஓடுவதும் எனக்குப் பெரிய விஷயமாக இருந்ததில்லை. ஒரே நெருப்பை மாதக்கணக்கில் பார்த்துக்கொண்டிருந்ததுதான் அலுத்துப்போனது. முதலாளியிடம் சொல்லிவிட்டு, மாற்றுச் சாரத்தைத் தோளில் போட்டுக்கொண்டு தெல்லிப்பழைப் பக்கமாக நடந்தேன். அது இரண்டாவது உலகச் சண்டைக் காலம்.

தண்ணீர் கேட்க ஒரு படலைக்குள் கால் வைத்தவன் அப்படியே நின்றுவிட்டேன். மாமரத்தின் கீழே பாய் பாயாக விரித்துத் தக்காளிப்பழம். முற்றத்தில் கால் வைக்க இடமில்லை. தோட்டக்காரரும் மனைவியும் அதன் நடுவே குந்தியிருந்தார்கள்.

தண்ணீர் தந்தபடியே அந்த அக்கா கதையைச் சொன்னார். புகையிலை நட்டுவந்த நிலத்தில் இந்த முறை தக்காளி போடவைத்தவர் அக்காதான். பலாலிப் பட்டாளத்துக்கு மரக்கறி கொடுக்கும் கொந்தராத்துக்காரர் எல்லாவற்றையும் எடுப்பதாகச் சொல்லியிருந்தார். பழம் ஒன்றாகப் பழுத்த நேரம் பார்த்து அவருடைய லொறி ரயர் இல்லாமல் படுத்துவிட்டது. வர ஒரு கிழமை ஆகுமாம். பழம் அதுவரை நிற்காது. அழுகினால் நிலத்தைப் புகையிலைக்கு விட்டுவிடுவதாகக் கணவர் தன் தம்பியாருக்கு வாக்குக் கொடுத்திருந்தார். விடிந்தால் தம்பியார் பதில் கேட்டு வருவார்.

போத்திலில் அடைத்தால் கன நாள் இருக்கும் என்று என் வாய் சொல்லிவிட்டது. மலைநாட்டில் ஒரு துரையின் பங்களாவில் விறகு கொத்தியபோது குசினி யன்னலால் சமையல்காரன் செய்வதைப் பார்த்தது. பார்த்தது பாதிதான். புளிப்புக்கு வினாகிரி வேண்டும் என்றேன். கள்ளில் செய்த எதுவும் இந்த வளவுக்குள் வராது என்றார் கணவர். அப்படியானால் தேசிக்காய் பிழிந்த புளி என்றேன். போத்திலுக்கு எங்கே போவது என்று கேட்டார். வந்த வழியில் ஒரு சாராயத் தவறணைக்குப் பின்னால் வெறும் போத்தில் குவிந்து கிடந்ததைச் சொன்னேன். நெற்றித் திருநீறு சுருங்கியது.

அக்கா எழும்பினார். “இஞ்சாருங்கோ, கிணத்தடியிலை வைச்சுக் கழுவுவம். குசினிக்குள்ளை ஒண்டும் வராது. ஏலாதெண்டால் சொல்லுங்கோ, விடிய உங்கடை தம்பிக்கு நானே நிலத்தைக் காட்டிவிடுறன்.”

கணவர் மாட்டை வண்டியில் பூட்டினார்.

ஓர் ஓலைக் கடகம் பழத்தைத் தவறணையில் கொடுத்து, வண்டி நிறையப் போத்திலும் ஒரு பை தக்கையும் கொண்டுவந்தோம். சாம்பலும் மணலும் போட்டுக் குலுக்கினோம். கழுவிய ஒவ்வொன்றையும் கணவர் மூக்கில் வைத்து மணந்து பார்த்தார். வேலிக்கு மேலால் தம்பியாரின் தலை தெரிந்தது.

“என்ன அண்ணை, தவறணை எப்ப திறப்பு?”

“முதல் ஆளாய் நீர்தான் நிப்பீர்,” என்றார் அக்கா, தலை நிமிராமல்.

முற்றத்தில் மூன்று கல் வைத்துப் பழத்தை அவித்தோம். துணியில் வடித்து, உப்பும் புளியும் கலந்து ஊற்றினோம். முதல் போத்தில் சூடு பட்டதும் அடி கழன்று விழுந்தது. பிறகு போத்திலையும் சூடாக்கிக்கொண்டு ஊற்றினோம். நான் தக்கைகளை இறுக்கி அடித்து, கிடாரத்தில் வைக்கோல் பரப்பி, கழுத்தளவு தண்ணீரில் போத்தில்களை நிறுத்தி எரித்தேன்.

தண்ணீர் கொதித்தது. ஒரு தக்கை வெடித்து மாமரத்துக்குப் போனது. பிறகு ஒன்று, அதன் பின் சீனவெடிக் கட்டுக் கொளுத்தியதுபோல எல்லாம். கணவருடைய வேட்டியெல்லாம் சிவப்பு. வேலிக்கு அப்பால் தம்பியார் சிரிப்பை அடக்க முடியாமல் குந்திவிட்டார். பங்களா யன்னலில் இந்த இடத்தை நான் பார்த்திருக்கவில்லை.

“புட்டுக்குழல் மூடியிலையும் ஆவி போக ஓட்டை இருக்கெல்லே,” என்றார் அக்கா, என்னைப் பார்த்து. “தக்கையைச் சும்மா வைச்சு அவியும் தம்பி. இறக்கினாப் பிறகு இறுக்குவம்.”

அதன் பிறகு ஓட்டந்தான். கணவர் சாக்குத்துண்டால் போத்திலைத் தூக்க, அக்கா தக்கையை அடிக்க, நான் தேன்மெழுகு உருக்கிக் கழுத்தைத் தோய்த்தேன். மெழுகு ஒட்டவில்லை. சாமி அறையிலிருந்த குங்கிலியத்தைக் கணவரே எடுத்துவந்து அதற்குள் போட, பிடித்துக்கொண்டது. நெருப்பு எரிக்கிற வடிவைப் பார்க்கச் சகிக்கவில்லை என்று திட்டிக்கொண்டு தம்பியார் வேலியால் புகுந்து விறகைப் பறித்தார். புகையிலைக்குப் புகை போடுகிறவர். அவர் கையில் நெருப்பு சொன்னபடி நின்றது. விளக்கு வைக்கிற நேரம் போத்தில் முடிந்துவிட்டது. பழம் இன்னும் பாதி கிடந்தது.

விடிய, கசிகிறதா என்று பார்க்க இரவே மணலில் தலைகீழாக நட்டுவைத்த போத்தில்களைக் கணவர் ஒவ்வொன்றாகப் பிடுங்கினார். இரண்டில் மட்டும் கசிவு. மற்றவற்றின் கீழ் மணல் காய்ந்து கிடந்தது. ஒன்றைத் திறந்து, கொஞ்ச நேரம் அதைப் பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு உள்ளங்கையில் ஊற்றி நக்கினார்.

படலையில் நின்ற தம்பியாரிடம் அவர் சொன்னார்: “நிலம் இல்லையடா. போய் உன்ரை வேலையைப் பார்.”

தம்பியார் போகவில்லை. மிச்சப் பழம் இன்றைக்குத் தாங்குமா என்று பாய்களைக் கிளறினார். போத்தில் வந்தால் தாங்கும் என்றார் அக்கா. சொன்னபடியே இரண்டு கடகத்தையும் காவுதடியையும் என் முன்னால் வைத்தார். வீடு வீடாக, தவறணை தவறணையாக வெறும் போத்தில் சேர்க்கிற வேலை. சாப்பாடும் மாட்டுக்கொட்டிலில் இடமும் உண்டு.

ஓரிடத்தில் நிற்கத் தேவையில்லாத வேலை. ஓம் என்றேன். அக்கா தந்த புட்டு வாயில் இருக்கும்போதே தடியைத் தோளில் வைத்துக்கொண்டு ஒழுங்கையில் இறங்கினேன்.