சாமத்தியவீட்டுக்குப் பின்னால் ஓடும் ஆறு

அப்பா போய் முப்பத்தொரு நாள். மொன்றியலின் பியர்ஃபோன் பகுதியில், எங்கள் வீட்டின் பேஸ்மென்ட்டில் அவர் வாங்கி வைத்த ஈரம் உறிஞ்சும் மெசின் இன்னும் இரைந்துகொண்டிருக்கிறது. அதன் காவலில் இருநூறுக்கு மேற்பட்ட கசெற்றுகள். எல்லாம் வங்காளப் படங்கள். “உந்த மெசினை நிப்பாட்டினா எனக்கு நித்திரை வராது, ஓடட்டும்” என்கிறார் அம்மா. ஓடுகிறது.

அப்பா திருகோணமலையில் ஐந்து பிள்ளைகளில் மூன்றாவதாகப் பிறந்தார். துறைமுகத்தில் லிகிதராக இருந்தார். கப்பல்களின் பெயர்களை அழகான கையெழுத்தில் எழுதுவது அவர் வேலை. பிறகு ஊர் எரிந்தது. மொன்றியலுக்கு வந்து, டவுன்டவுனில் ஓர் உணவகச் சமையலறையில் ஆறு வருடம் பாத்திரம் கழுவினார். விரல் நுனிகளில் தோல் நிற்காத காலம் அது. அந்தக் கையோடுதான் பார்க் எக்ஸ்டென்ஷனில், ஒரு தெப்பனர் கடைக்குப் பக்கத்தில், பாலும் பியரும் வாங்க வருகிற சனம் எட்டிப் பார்க்கிற மாதிரி, வீடியோக் கடை திறந்தார். தமிழ்ப் படம் வாடகைக்குக் கொடுப்பார். கலியாணவீடு, பெண்பிள்ளை பெரியவளாகும்போது செய்கிற சாமத்தியவீடு ஆகியவற்றின் வீடியோக்களுக்குக் கொப்பி அடித்தும் கொடுப்பார்.

ஒரு மாரியில், தொப்பியில் பனியோடு ஒருவர் உள்ளே வந்தார். கொல்கத்தாவில் ஒரு தியேட்டரில் படம் ஓட்டியவர். மித்ரா என்று பெயர். வங்காளப் படம் இருக்கிறதா என்று கேட்டார்.

“இப்ப இல்லை. நீங்கள் கொண்டு வந்தா இருக்கும்” என்றார் அப்பா.

அடுத்த கிழமை அவர் ஒரு பை நிறையக் கொண்டு வந்தார். அவருடைய தங்கை கொல்கத்தாவில் தொலைக்காட்சியிலிருந்து பதிந்து அனுப்பியவை. அதன் பிறகு அப்பாவுக்கு அவர் தாதா. வங்காளிகள் அண்ணனை அப்படித்தான் கூப்பிடுவார்கள். அவரும் அப்பாவைத் தாதா என்றே கூப்பிட்டார். இரண்டு அண்ணன்கள், தம்பியே இல்லாத ஒரு குடும்பம்.

அப்பாவுக்கு வங்காளம் தெரியாது. ஆனாலும் கசெற்றின் முதுகில் ஒட்டுகிற முதுகுத்தாளில் படப்பெயரை வங்காள எழுத்திலேயே எழுதவேண்டும் என்று நின்று, கப்பல் பெயர் எழுதிய கையால் அந்த எழுத்துகளைப் பழகினார். ஒவ்வொரு படத்துக்கும் ஒரு குறிப்புக் கொப்பியில் ஒரு பக்கம் வைத்திருந்தார். யார் நடித்தது, யார் பாடியது என்பதோடு, அதைப் பார்த்த ஆட்களிடம் கேட்டு, எந்தத் தியேட்டரில், யாரோடு, என்ன மழையில் பார்த்தார்கள் என்பதையும் தமிழில் எழுதினார். “படம் பெட்டிக்குள்ள மட்டும் இல்லை பிள்ளை, பார்த்த சனத்திட்டயும் கிடக்கு” என்பார்.

அந்தக் கொப்பியில் ஒரு படத்துக்கு மட்டும் பக்கம் முடியாமல் நிற்கிறது. ஆற்றுத்துறையில் பயணச்சீட்டுக் கிழிக்கிற ஒரு பெண்ணின் கதை. கொல்கத்தாவில் இருந்த அதன் பிலிம் ஈரத்தில் அழிந்துபோனதாக மித்ரா தாதா சொன்னார். எங்களிடம் இரண்டு கசெற் இருந்தது. வாடகைக்குப் போனதன் கடைசிப் பகுதியை யாரோ வீட்டு மெசின் தின்றுவிட்டது. மற்றது, தங்கை அனுப்பிய மூலக் கசெற்.

இனி நான் சொல்லவேண்டியது.

சித்தியின் மகளுடைய சாமத்தியவீட்டு வீடியோவுக்குப் பன்னிரண்டு கொப்பி கேட்டிருந்தார்கள். சனிக்கிழமை. அப்பா அம்மாவை வைத்தியரிடம் கூட்டிப் போயிருந்தார். கடையில் நான் தனியே. எனக்கு இருபது வயது. பதியாத கசெற் பதினொன்றுதான் இருந்தது. மேசை லாச்சிக்குள் முதுகுத்தாள் இல்லாத ஒன்றைக் கண்டேன். வெறும் கசெற் என்று நினைத்தேன். பழைய தாளை உரித்துவிட்டு, அழகாக எழுதி ஒட்டுவதற்கு அப்பா எடுத்து வைத்திருந்த ஆற்றுத்துறைப் பெண் அது. அவளுக்கு மேலே சாமத்தியவீட்டைப் பதிந்து, ஆரத்தி எடுத்துவிட்டேன். பன்னிரண்டும் அன்றே போய்விட்டன, சொந்தக்காரரின் பைகளில், மொன்றியல், லொங்குய்ய், ஒட்டாவா, ரொறன்ரோ என்று.

அப்பா வந்து லாச்சியைத் திறந்து, மூடி, திரும்பத் திறந்தார். என்னைப் பார்த்தார். மித்ரா தாதாவுக்குத் தொலைபேசி எடுத்து, “தாதா, என்ர பிழை. நான் அழிச்சுப்போட்டன்” என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன். வாய் திறக்கவில்லை. முப்பது வருடம் திறக்கவில்லை.

பிறகு அப்பாவே கணக்குப் போட்டுப் பார்த்தார். சாமத்தியவீடு ஒன்றரை மணித்தியாலம். படம் இரண்டேகால். அப்படியென்றால் முடிவு அழியவில்லை. யாரோ ஒருவர் வீட்டில், ஆரத்திக்குப் பின்னால் அது இருக்கிறது.

அதிலிருந்து அவர் போன வீடெல்லாம், இந்த நினைவுமலரை வாசிக்கிற உங்களுக்குத் தெரியும். தேநீர் குடித்துவிட்டு, “அந்தக் கசெற்றை ஒருக்காப் போடுங்கோவன், கடைசி மட்டும்” என்பார். லொங்குய்யில் சித்தி சிரித்தார்.

“அத்தான், அவளுக்கு இப்ப ரெண்டு பிள்ளை. நீங்கள் இன்னும் சாமத்தியவீடு பாக்கிறியளோ?”

“அவளைப் பாக்க இல்லை. அவளுக்குப் பின்னால ஒருத்தி நிக்கிறாள்.”

“ஐயோ, இதை அக்கா கேட்டா!”

ஒன்பது கசெற் பார்த்தார். ஒன்பதிலும் வெறும் இரைச்சல். மூன்று மிச்சம்.

கடையை மூடியபோது தமிழ்ப் படங்களைக் கேட்டவர்களுக்குக் கொடுத்தார். வங்காளப் படங்களை மட்டும் காரில் நாலு தரம் ஏற்றி இறக்கினார். எழுபது வயதுக்கு மேல் கணினி பழகி, ஒவ்வொன்றாக அதில் ஏற்றினார். ஞாயிறுகளில் மித்ரா தாதாவும் மனைவியும் வந்து பக்கத்தில் இருப்பார்கள். ஆற்றுத்துறைப் படம் வந்தால் சண்டைதான். கடைசியில் அவள் படகில் ஏறிப் போனாள் என்பார் தாதா. ஏறவில்லை, கரையில்தான் நின்றாள் என்பார் மனைவி.

“நீங்கள் ரெண்டு பேரும் ஒரே படத்தையோ பாத்தனீங்கள்?” என்று அப்பா கேட்பார்.

“ஒரே தியேட்டர். கை பிடித்துக்கொண்டு” என்பார் தாதா.

“அதான் படத்தைப் பாக்கேல்லை!” என்பார் அப்பா.

கடைசி மாதம் ஆஸ்பத்திரியில் அப்பாவுக்குக் கதைப்பது கஷ்டம். ஒரு பின்னேரம், நான் கஞ்சி பருக்கிக்கொண்டிருக்க, “இன்னும் மூண்டு” என்றார். “அப்பா, அது நான்...” என்று தொடங்கினேன். கரண்டியைப் பிடித்த என் கையை மெல்லத் தள்ளி, “சூடு” என்றார். அவ்வளவுதான்.

தகனத்தின்போது மித்ரா தாதா ஊன்றுகோலோடு வந்து, என் கையைப் பிடித்துக்கொண்டு, “உன் அப்பா வருடாவருடம் என்னிடம் மன்னிப்புக் கேட்பார், மா” என்றார். அப்போது சொன்னேன். அழித்தது நான், அவர் இல்லை. அவர் என் கையை விட்டு, பெட்டியை ஒரு தரம் தொட்டார். பிறகு, “அப்படியென்றால் தேடுவதற்கு இன்னும் ஆள் இருக்கிறது” என்றார்.

இருக்கிறேன், தாதா.

அப்பாவைக் கடைசிவரை பார்த்த தாதிமாருக்கும், பனிக்குள் சோறு சுமந்து வந்த அயலவர்களுக்கும், அவர் கேட்டபோதெல்லாம் சலிக்காமல் கசெற் போட்டுக் காட்டிய உறவுகளுக்கும் எங்கள் குடும்பத்தின் அன்பு. ஒன்று மட்டும் கேட்கிறேன். உங்கள் வீட்டுப் பெட்டிகளுக்குள் அந்தச் சாமத்தியவீடு கிடந்தால் எறியாதீர்கள். மெசின் இல்லாவிட்டால் சொல்லுங்கள், அப்பாவின் மெசினோடு நானே வருகிறேன். ஆரத்தி முடியும். சாப்பாட்டுப் பந்தி முடியும். திரை வெளுத்து இரையும். அதில் நிறுத்திவிடாதீர்கள். கொஞ்சம் பொறுத்திருந்தால் ஒரு ஆறு வரும்.