பொட்டு வைத்த சிடி

பொட்டை எந்தப் பக்கம் வைக்க வேண்டும் என்று எங்கள் தோட்டத்துப் பூசாரிக்கே சொல்லிக்கொடுத்தவள் நான். அப்போது எனக்குப் பத்து வயது. அந்தப் பொட்டு அம்மனுக்கு இல்லை, அம்மனுக்காகப் போன ஒரு சிடிக்கு. இருந்தாலும் சொல்லிக்கொடுத்தது சொல்லிக்கொடுத்ததுதான். இப்போது நினைத்தாலும் எனக்கு நெஞ்சு கொஞ்சம் நிமிரத்தான் செய்கிறது.

மலேசியாவில் லாபு என்ற ஊர்ப் பக்கத்தில், எண்ணெய் எடுக்கும் செம்பனைத் தோட்டம் எங்களுடையது. எங்களுடையது என்றால் நாங்கள் வேலை செய்து குடியிருந்த தோட்டம். திருவிழாவின் கடைசி நாள் சாயங்காலம் அம்மனை ஊஞ்சலில் வைத்து ஆட்டுவார்கள். அந்த நேரத்துக்கு ஒரு தாலாட்டு உண்டு. அதை வருடா வருடம் என் அம்மாதான் பாடுவாள். மற்ற நாட்களில் அம்மா உரம் போடும் கூட்டத்தில் ஒருத்தி. வேலையை மேய்க்கும் மண்டோர் பெயர் சொல்லிக் கூப்பிட்டால் உண்டு, இல்லாவிட்டால் இல்லை. அந்த ஒரு சாயங்காலம் மட்டும் தோட்டமே வாயை மூடிக்கொண்டு அவள் வாயைப் பார்க்கும்.

அந்த வருடம் என் தம்பி அவசரப்பட்டுவிட்டான். திருவிழா முடிந்து நிதானமாகப் பிறக்க வேண்டியவன், மூன்று வாரம் முன்னதாகவே வந்துவிட்டான். பதினாறாம் நாள் வீட்டுக்குத் தீட்டுக் கழித்தாயிற்று. பெற்றவளுக்கு மட்டும் முப்பது நாள் கணக்கு. திருவிழா அதற்குள் வந்து விழுந்தது. ஊஞ்சல் பாட்டுக்கு ரேடியோ செட்காரரிடம் இருக்கும் ஏதாவது ஒரு பக்திக் கேசட்டைப் போட்டுக்கொள்ளலாம் என்று கோயில் கமிட்டி முடிவு செய்தது. அம்மா அதைக் கேட்டுவிட்டுப் பத்தியச் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தாள். பிசைந்த சோற்றைச் சாப்பிடவில்லை. எனக்கு அது பொறுக்கவில்லை.

மாமாவுக்கும் பொறுக்கவில்லை. அம்மாவின் தம்பி அவர். எங்கள் வீட்டில் தங்கி செனவாங் தொழிற்சாலைக்கு ஷிப்ட் வேலைக்குப் போய்வந்தார். எங்கள் லயத்து வீடுகளிலேயே முதல் கம்ப்யூட்டர் அவருடையதுதான். அதில் சிடி எழுதும் பெட்டியும் உண்டு. தோட்டத்து இளவட்டங்கள் காரில் போட்டுக்கொள்ளப் பாட்டு வேண்டுமென்றால் அவரிடம்தான் வருவார்கள். அவரும் டாக்டர் நாடி பிடிப்பது போல மௌஸைப் பிடித்துக்கொண்டு, "நாளைக்கு வா, பாப்போம்" என்பார். எழுதும்போது வீட்டில் யாரும் நடக்கக் கூடாது. எங்களுடையது பலகைத் தரை. யாராவது அடி வைத்தால் மேசை ஆடும், மேசை ஆடினால் சிடி கெட்டுவிடும் என்பது அவருடைய சித்தாந்தம். அப்படிக் கெட்டதையெல்லாம் அம்மா நூலில் கட்டி, குருவி வராமலிருக்க மிளகாய்ச் செடிகளில் தொங்கவிட்டிருந்தாள். "என் செடிக்கெல்லாம் நகை போட்டே தீந்துருவான் என் தம்பி" என்று வருகிறவர்களிடம் சொல்லிச் சிரிப்பாள்.

"அக்கா, நீ போக வேணாம். ஒன் குரலு போவட்டும்" என்றார் மாமா.

கம்ப்யூட்டரோடு சும்மா கிடைத்த மைக்கை ஒரு விளக்குமாற்றுக் கட்டையில் கட்டி நிறுத்தினார். காற்றாடியை நிறுத்தினோம். கோழிகளை விரட்டினேன். செம்பனைப் பழம் ஏற்றிய லோரி கடந்து போகும்வரை காத்திருந்தோம். அம்மா குளித்துவிட்டு வந்து, தம்பியை மடியில் போட்டுக்கொண்டு பாட ஆரம்பித்தாள். பாதிப் பாட்டில் தம்பி வீறிட்டான். மாமா தலையில் கை வைத்துக்கொண்டார். அம்மா நிறுத்தவில்லை. அவன் முதுகைத் தட்டிக்கொண்டே பாடினாள். அந்தத் தட்டலும் தாளம் மாதிரி பாட்டுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது.

"இன்னொரு தடவ பாடுக்கா. அழுக சத்தம் இல்லாம எடுத்துரலாம்" என்றார் மாமா.

"ஆத்தாவுக்கு ஒரு தடவதான்டா பாடறது. ரிகர்சலா பாக்கறாங்க?" என்று சொல்லிவிட்டு அம்மா உள்ளே போய்விட்டாள்.

சிடி முதல் முயற்சியிலேயே நன்றாக எழுதப்பட்டுவிட்டது. மாமாவே நம்பாமல் மூன்று முறை போட்டுக் கேட்டார்.

ஆனால் கமிட்டி என்று ஒன்று இருக்கிறதே. கோயில் தலைவர் தோட்ட ஆபீசில் கணக்கெழுதிய பழைய கிராணி. எதையும் ஆபீஸ் கண்ணோடு பார்ப்பவர். "பாடுனது தீட்டுக்காரி. அந்தக் குரலு கோயிலுக்குள்ள வரலாமா?" என்று ஒரு கேள்வியைப் போட்டார். குரல் காற்றில் வருவது, காற்றுக்கு ஏது தீட்டு என்றார் ஒருவர். இது காற்றில் வரவில்லையே, தட்டில் வந்திருக்கிறது, அந்தத் தட்டு பிள்ளை பெற்ற வீட்டிலிருந்து வந்திருக்கிறது என்றார் இன்னொருவர். தேநீர் இரண்டு சுற்று வந்து போனது. நம் ஆட்கள் எந்தச் சிக்கலையும் கடைசியில் மஞ்சள் தண்ணீரில்தான் தீர்ப்பார்கள். சிடிக்கு மஞ்சள் தண்ணீர் தெளித்து, விபூதி குங்குமம் வைத்து, பிறகு போடலாம் என்று முடிவானது. மாமா சந்தோஷத்தில் தலையாட்டிவிட்டு வந்துவிட்டார். அதன் பொருள் என்னவென்று அவரும் யோசிக்கவில்லை.

கடைசி நாள் சாயங்காலம். அம்மனை ஊஞ்சலில் ஏற்றியாயிற்று. அப்பாவும் மற்றவர்களும் கரகத்தோடு ஆற்றுக்குப் போயிருந்தார்கள். கரகம் வந்ததும் ஊஞ்சலை ஆட்ட வேண்டும். அதற்கு முன் ஒரு தடவை போட்டுப் பார்த்துக்கொள்ளலாம் என்று ராசா டவுனிலிருந்து வந்திருந்த ரேடியோ செட்காரர் சிடியைக் கேட்டார். பூசாரி அதை முதலில் வாங்கிக்கொண்டார். மஞ்சள் தண்ணீரைத் தெளித்தார். துண்டால் துடைத்தார். எது பளபளவென்று இருக்கிறதோ அதுதானே முகம்? அந்தப் பளபளப்பில் விபூதியை மூன்று விரலால் இழுத்து, நடுவில் சந்தனமும் குங்குமமும் தாராளமாக வைத்து, பக்தியோடு கொடுத்தார்.

பெட்டி அதை விழுங்கியது, யோசித்தது, துப்பியது. மாமா பதறிப்போய் வேட்டி முனையால் அழுத்தித் துடைத்தார். விபூதி அந்தப் பளபளப்பைச் சட்டி தேய்ப்பது போலத் தேய்த்துவிட்டது. மறுபடி போட்டதும் அம்மாவின் குரல் வந்தது. வந்த வேகத்தில் ஒரே எழுத்தில் மாட்டிக்கொண்டு, விக்கல் எடுத்தவள் மாதிரி திரும்பத் திரும்ப அதையே சொன்னது. மரத்தில் கட்டியிருந்த கூம்பு ஒலிபெருக்கிகள் அந்த விக்கலைத் தோட்டம் முழுக்கக் கொண்டுபோயின. கூட்டம் கொல்லென்று சிரித்தது.

தலைவர் சிரிக்கவில்லை. "பாத்தீங்களா? அம்மனுக்கே புடிக்கல. தீட்டுப்பட்டது எப்டி ஓடும்?" என்றார். சிரித்தவர்கள் கப்சிப் என்று ஆகிவிட்டார்கள். சிலர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். அந்தப் பேச்சு அப்படியே நின்றுவிட்டால், அடுத்த வருடம் அம்மா நேரில் வந்தாலும் பாட விடமாட்டார்கள் என்பது எனக்குக்கூடத் தெரிந்தது.

"கரகம் வர்றதுக்குள்ள வேற கொண்டாறேன் தலைவரே" என்று மாமா கெஞ்சினார்.

"வந்தா பாப்போம். இல்லாட்டி கேசட்டுதான்."

மாமாவின் மோட்டார் சைக்கிளில் நான் தொற்றிக்கொண்டேன். வீட்டு வாசலில் அம்மா நின்றிருந்தாள். "கேட்டுச்சு" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள், ஆனால் அவள் முகத்தைப் பார்த்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது. முன் அறையில் அக்கம்பக்கத்து அக்காக்கள் நாலைந்து பேர் தம்பியைச் சுற்றி உட்கார்ந்திருந்தார்கள். தம்பியைப் பார்க்க வந்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன். மாமாவிடம் எழுதாத சிடி ஒன்றே ஒன்றுதான் மிச்சமிருந்தது.

"யாரும் அசையாதீங்க!" என்றார் மாமா.

அக்காக்கள் அப்படியே காலை மடக்கி உட்கார்ந்துவிட்டார்கள். ஒருத்தி தம்பியின் வாயில் தன் விரலை வைத்து அவனையும் சத்தமில்லாமல் பார்த்துக்கொண்டாள். மெதுவாக எழுதினால் நல்லது, ஆனால் நேரமில்லை. வேகமாக எழுதினால் மிளகாய்ச் செடிக்குத்தான் போகும். மாமா நெற்றியைத் துடைத்துக்கொண்டு நடுவில் ஒரு வேகத்தைத் தேர்ந்தெடுத்தார். திரையில் நீலக்கோடு நத்தை போல நகர்ந்தது. ஆற்றுப் பக்கமிருந்து உறுமிச் சத்தம் கிளம்பி நெருங்கிக்கொண்டே வந்தது. நான் மூச்சைக்கூடப் பாதிதான் விட்டேன். கடைசியில் தட்டு வெளியே வந்தது.

"போட்டுப் பாக்கவா?" என்றார் மாமா.

"பாக்காதே. ஓடு" என்றாள் அம்மா.

கோயிலில் எங்கள் இருவர் தலையிலும் ஆளுக்கொரு சொம்பு மஞ்சள் தண்ணீரை ஊற்றித்தான் உள்ளே விட்டார்கள். சிடி உறையோடு என் சட்டைக்குள் இருந்ததால் தப்பியது. பூசாரி குங்குமக் கிண்ணத்தோடு கையை நீட்டினார். மாமா தயங்கி நின்றார். பெரியவர்கள் எதிரில் சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. எனக்கு வந்தது.

"பூசாரி மாமா, பளபளன்னு இருக்கிற பக்கம் வைக்காதீங்க. பெட்டி அந்தப் பக்கமாத்தான் பாக்கும். பொட்டு இந்தப் பக்கம் வைங்க" என்று, மாமா பேனாவால் எழுதியிருந்த பக்கத்தைக் காட்டினேன்.

"பூசாரிக்கே பாடமா?" என்று தலைவர் உறுமினார்.

பூசாரி என்னைப் பார்த்தார், சிடியைப் பார்த்தார், நெற்றியில் அடித்துக்கொண்டார். "அடி ஆத்தா! அப்ப நாந்தான் கண்ணுல அப்பிட்டேனா? கண்ணுல குங்குமத்த அப்புனா யாருக்குத்தான் தெரியும்? தலைவரே, ஆத்தா மேல பழி போடாதீங்க லா. தப்பு எம்மேல" என்றார். எழுதிய பக்கத்தில் கடுகளவு ஒரு பொட்டு வைத்து, இரண்டு விரலால் ஓரத்தைப் பிடித்து, நான் பிடித்திருந்தது போலவே பிடித்து, அவரே ரேடியோ செட்காரரிடம் கொடுத்தார்.

கரகம் கோயில் வாசலில் ஏறியது. பெட்டி விழுங்கியது. யோசித்தது.

அம்மா பாடினாள்.

ஒரு விக்கல் இல்லை, ஒரு தடங்கல் இல்லை. அவள் எதிரில் நின்று பாடியபோதுகூட அந்தக் குரல் இவ்வளவு தூரம் போனதில்லை. லயத்தைத் தாண்டி, ரப்பர் பால் மரம் இருந்த பழைய காட்டைத் தாண்டி, தோட்டத்தின் அடுத்த டிவிசன் வரைக்கும் கேட்டதாகப் பிறகு சொன்னார்கள். பூசாரி ஊஞ்சலைத் தள்ளினார். பாதிப் பாட்டில் தம்பி வீறிட்டான். கூட்டத்தில் ஒரு சலசலப்பு வந்தது. பூசாரியின் கை ஒரு நொடி நின்றது. பிறகு, உண்மையிலேயே ஒரு குழந்தை தூங்க வேண்டும் என்பது போல, ஊஞ்சலை மெல்ல மெல்ல ஆட்ட ஆரம்பித்தார். பேசிக்கொண்டிருந்த பையன்களைத் தலைவரே கையை உயர்த்தி அடக்கினார். என் அம்மாவின் பாட்டை எந்தக் கேசட்டாலும் இனி அசைக்க முடியாது என்று அந்தக் கையைப் பார்த்தபோது தெரிந்துகொண்டேன். மாமா தூணுக்குப் பின்னால் போய் மூக்கைச் சிந்தினார். எனக்கோ தரையில் கால் பாவவில்லை. ஊரே என்னைத்தான் பார்க்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

பாட்டு முடியும்வரை பொறுக்க முடியாமல் வீட்டுக்கு ஓடினேன். அம்மாவிடம் என் வீரத்தைச் சொல்ல வேண்டுமே.

அக்காக்கள் வாசலுக்கு வந்து உட்கார்ந்திருந்தார்கள். அந்த வருடம் மாமியார் தவறிப்போன பக்கத்து வீட்டு அக்கா. வெளியே வராமல் இரண்டு நாளாக வீட்டுக்குள்ளேயே இருந்த, ஐந்தாம் படிவம் படிக்கும் அக்கா. கடைசி வீட்டு அக்கா, வயிறும் பையுமாக ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு வெறுங்கையோடு திரும்பி வந்தவர். தம்பி அவர் மடியில் தூங்கிக்கொண்டிருந்தான். இன்னும் ஒன்றிரண்டு பேர் இருந்தார்கள். அம்மா கோயில் பக்கம் பார்க்கவில்லை. அவர்கள் பக்கம் திரும்பி உட்கார்ந்து, ஒலிபெருக்கியில் வரும் தன் குரலோடு சேர்ந்து மெதுவாகப் பாடிக்கொண்டிருந்தாள்.

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "ஏன் நீங்க யாரும் கோயிலுக்கு வரல? நான் என்னா செஞ்சேன்னு பாக்கவே இல்லியே!" என்று கத்தினேன். ஐந்தாம் படிவத்து அக்கா என்னை இழுத்துப் பக்கத்தில் உட்கார வைத்து, "இங்கேருந்தே எல்லாம் கேட்டோம் லா, சத்தம் போடாதே" என்றார். திருவிழாவையே விட்டுவிட்டுக் குழந்தை பார்க்க வந்த இவர்களுக்கு ரசனையே இல்லை என்று மனதுக்குள் திட்டிக்கொண்டேன்.

கோயிலுக்குப் போகிற யாரும் அந்த நாளில் பிள்ளை பெற்றவளின் வாசலை மிதிக்கமாட்டார்கள் என்பது எனக்கு அப்போது தெரியாது. பதின்மூன்று வயதில், இன்னொரு திருவிழாவின் கடைசி நாளில், காலையிலேயே என்னிடம் அம்மா மெதுவாக, "நீ இன்னிக்கு வர வேணாம்மா" என்றாள். பாவாடையும் தாவணியும் தைத்து மாட்டியிருந்தது. சாயங்காலம் லயமே காலியாகிவிட்டது. நான் வாசலில் தனியாக உட்கார்ந்திருந்தேன். என்னோடு உட்கார அன்று யாரும் இல்லை.